நூற்று முப்பத்தெட்டு அடி கைதட்டல்

ஜனவரி 9

அன்புள்ள அண்ணா,

நான் நலம். அம்மாவின் முழங்கால் எப்படி இருக்கிறது? உன் கண்ணுக்குச் சொட்டு மருந்து விடுகிறாயா, இல்லை புட்டியை அலமாரியில் வைத்து அழகு பார்க்கிறாயா? போன கடிதம் வழக்கம்போல மை தேய்ந்து வந்தது. ஐம்பது வருஷத்துக்கு மேலாக இடக்கையால் எழுதுகிறாய், எழுதியதை உள்ளங்கையாலேயே அழிக்காமல் எழுத இன்னும் வரவில்லை. போனில் பேசலாம்தான். ஆனால் போனில் நீ எதற்கும் ‘ம்’ என்பாய். கடிதத்தில் வெறும் ‘ம்’ எழுதி அனுப்ப உனக்கே வெட்கமாக இருக்கும் என்பதால்தான் எழுதுகிறேன்.

ஆலைச் சங்கத்திலிருந்து அழைப்பிதழ் வந்தது. துப்பாக்கிச் சூட்டில் செத்தவர்களுக்கு நினைவுக்கல் வைக்கிறார்களாம். நாற்பதாம் ஆண்டுக்கு வைக்க வேண்டிய கல், கமிட்டிச் சண்டையில் நாற்பத்தோராம் ஆண்டுக்கு வந்திருக்கிறது. செப்டம்பரில் திறப்பு. அழைப்பிதழில் ஆறு பெயர் இருக்கிறது. அப்போது எனக்கு ஒன்பது வயது, ஆனால் எண்ணத் தெரியும். ஆலை வாசலிலிருந்து தூக்கி வந்தது அப்பாவையும் சேர்த்து ஏழு பேரை.

சங்கச் செயலாளரைக் கூப்பிட்டுக் கேட்டேன். நம் சைரன் மாமாதான். வயது எழுபத்தைந்து ஆகியும் குரல் இன்னும் ஆலைச் சங்குதான். ரிசீவரைக் கையை நீட்டிப் பிடித்துக்கொண்டு கேட்டேன்.

“பாப்பா, உங்கப்பா மேல யாருக்கும் ஒரு குறையும் இல்லை. ஆனா பத்தாம் நாள், சுடச் சொன்ன அதே அமைச்சர் ஆலை மைதானத்துல வந்து பேசினான். உங்கம்மா நின்னு சிரிச்சுக்கிட்டே கை தட்டினதை ஊரே தியேட்டர்ல பார்த்துச்சு. மத்த ஆறு வீட்டுப் பொம்பளைங்களும் அந்தக் கல்லு முன்னால வந்து நிக்கணும்ல?”

பத்தாம் நாள் அம்மா எங்கே இருந்தாள் என்று எனக்குத் தெரியும். உள்ளறையில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். நான் தண்ணீர் டம்ளரோடு பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். நீ வேலைக்குப் போயிருந்தாய்.

நீ முப்பத்தோரு வருஷம் வேலை பார்த்த செய்திப்பட இலாகாவை மூடிய பிறகு, படப்பெட்டிகளை லாரியில் ஏற்றி, என் கல்லூரிக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு கட்டடத்தில் போட்டு, காப்பகம் என்று பெயர் வைத்துப் பூட்டியிருக்கிறார்கள். பார்க்க அனுமதி வாங்கிவிட்டேன். அந்தச் செய்திப்படம் எண் 212. அதை வைத்து ஒரு படம் எடுக்கப் போகிறேன். அது எப்படிச் செய்யப்பட்டது என்று உனக்குத் தெரிந்ததை எழுது. கல்வெட்டுக்காரர் வேலையை முடிப்பதற்குள் ஏழாவது பெயர் அதில் ஏற வேண்டும்.

அண்ணிக்கு என் அன்பு. அம்மாவின் கன்னத்தை எனக்காக ஒரு தடவை கிள்ளு.

உன் தங்கை


ஜனவரி 24

அன்புள்ள குட்டிக்கு,

உனக்கு ஐம்பதாகிவிட்டது, இன்னும் குட்டி என்கிறேனே என்று உன் மாணவர்கள் சிரித்தால் சிரிக்கட்டும். இங்கே எல்லோரும் நலம். அம்மாவின் முழங்கால் மழைக்கு முந்தின நாள் வலிக்கிறது. வானிலை அறிக்கையை விட அதைத்தான் நம்புகிறோம். சொட்டு மருந்து விடுகிறேன். பாதி கண்ணிலும் பாதி காலரிலும் விழுகிறது.

நீ படம் எடுப்பதில் சந்தோஷம். அண்ணி “என்ன கதை?” என்று கேட்டாள். உன் படங்களில் கதை இருக்காது என்றேன். “அப்ப எதுக்கு டிக்கெட்?” என்கிறாள். நீயே பதில் சொல்லிக்கொள்.

பழைய படத்தைத் தொடும்போது பருத்திக் கையுறை போட்டுக்கொள். பெட்டியைத் திறந்ததும் புளித்த வாடை அடித்தால் மூக்கை உள்ளே விடாதே. சுருளை வேகமாகச் சுற்றாதே, விளிம்பு கிழியும். துளை கிழிந்த இடத்தில் நாடா ஒட்டிவிட்டுத்தான் ஓட்ட வேண்டும். நாங்கள் வேலை பார்த்த காலத்தில் வாரம் ஒரு செய்திப்படம் வெளியே போக வேண்டும். இன்னது எப்படிச் செய்தோம் என்று யாருக்கு ஞாபகம் இருக்கும்?

கல் கல்லாக இருந்துவிட்டுப் போகட்டும். அப்பா நம் வீட்டுச் சுவரில் இருக்கிறார். பழசைக் கிளறி அம்மாவுக்கு என்ன ஆகப் போகிறது?

உடம்பைப் பார்த்துக்கொள்.

அண்ணன்


பிப்ரவரி 11

அன்புள்ள அண்ணா,

நலம், நலமறிய ஆவல் என்று மட்டும் எழுதிவிட்டு விஷயத்துக்கு வருகிறேன்.

கையுறை போட்டுக்கொண்டேன். மூக்கையும் உள்ளே விடவில்லை. ஆனால் காப்பகத்தின் கடைசி அறையில் என்ன இருக்கிறது என்று நீ எழுதவில்லையே. சுவர் முழுக்கத் தகர டப்பாக்கள். இலாகாவின் அழகான கையெழுத்தில் ஒவ்வொன்றுக்கும் ஒரு சீட்டு: ‘கைதட்டல், ஆண்கள், தொப்பியுடன்’. ‘கைதட்டல், ஆண்கள், தொப்பி இல்லாமல்’. ‘சிரிப்பு, குழந்தைகள், பல் விழுந்தது’. ‘ஆனந்தக் கண்ணீர், முதியோர்’. ‘ஆமோதித்துத் தலையாட்டல், விவசாயிகள்’. ஒரு நாட்டின் மக்களுக்கு என்னென்ன உணர்ச்சி தேவையோ அத்தனையும் முன்கூட்டியே படமெடுத்து, தூசி படாமல் மூடி வைத்திருக்கிறார்கள். மக்கள்தான் அப்பப்போ இடைஞ்சல். ‘கோபம்’ என்று ஒரு டப்பா தேடினேன். இல்லை. அந்த உணர்ச்சி இலாகாவுக்கு ஒதுக்கப்படவில்லை போலும்.

212-ஐப் பார்த்தேன். அமைச்சர் பேசுகிறார். மைதானத்தில் ஆண்களும் பெண்களும் கையைக் கட்டிக்கொண்டு கல்லாக நிற்கிறார்கள். அது தொலைவில் நின்று எடுத்தது. உடனே கிட்டத்தில் அம்மா. கட்டம் போட்ட சால்வை, முகம் நிறையச் சிரிப்பு, கைதட்டுகிறாள். நான்கு விநாடி. குரல் சொல்கிறது: “கண்ணீரைத் துடைத்துக்கொண்டு, தாய்மார்கள் அமைச்சரின் உறுதிமொழியைக் கரவொலி எழுப்பி வரவேற்றனர்.”

அதோடு நிற்கவில்லை. 219-இல் அம்மா ஒரு பாலத்துக்குக் கைதட்டுகிறாள். 226-இல் மின்நிலையம். 240-இல் வெளிநாட்டு விருந்தாளி. 251-இல் எல்லைப் போரில் வெற்றி. 263-இல் சாக்கடை ஒழிப்பு வாரம். 270-இல் நகராட்சி நீரூற்று. ஆறு வருஷத்தில் மொத்தம் இருபத்து மூன்று தடவை, அதே சால்வை, அதே சிரிப்பு, அதே நான்கு விநாடி. அம்மா கைதட்டாத திட்டமே இந்த நாட்டில் இல்லை அண்ணா. எந்த மந்திரிக்கும் இவ்வளவு விசுவாசமான தொண்டர் கிடைத்திருக்க மாட்டார். இருபத்து மூன்றையும் பார்த்த ஊருக்கு, இந்தப் பெண்பிள்ளை சால்வையை மாற்றவே மாட்டாளா என்று ஒரு தடவை கேட்கத் தோன்றவில்லை.

என் படம் என்ன என்று தெரிந்துவிட்டது. 212 பொய் என்று நான் ஒரு குரலை வைத்துச் சொன்னால் அதுவும் இன்னொரு செய்திப்படம்தான். அவர்கள் குரல் கணீரென்று இருக்கும், என் குரல் கரகரப்பாக இருக்கும், மக்கள் கணீரை நம்புவார்கள். ஆகவே நான் எதையும் சொல்லப் போவதில்லை. அந்த இருபத்து மூன்றையும் அடுத்தடுத்து ஒட்டி, அவர்கள் குரலோடேயே ஓடவிடப் போகிறேன். முதலில் நம்புவார்கள். மூன்றாவதில் சிரிப்பார்கள். பத்தாவதில் சிரிப்பு நின்றுவிடும்.

இரண்டு கேள்வி. அம்மாவுக்குப் பின்னால் சுவரில் ஒரு கடிகாரம் தெரிகிறது, எண்கள் கண்ணாடியில் பார்ப்பதுபோல் திரும்பியிருக்கின்றன. படமும் லேசாக மங்கல். அம்மா சால்வை ஊக்கை எப்போதும் இடத்தோளில்தான் குத்துவாள், படத்தில் வலத்தோளில் இருக்கிறது. ஆக அந்தத் துண்டைத் திருப்பிப் போட்டு ஒட்டியிருக்கிறார்கள். அதுவும் மைதானத்தில் ஏது சுவர்க் கடிகாரம்? அது எந்த இடம்? அம்மா உண்மையில் எதற்குக் கைதட்டினாள்?

பதிலுக்குக் காத்திருக்கும்
தங்கை


மார்ச் 30

அன்புள்ள குட்டிக்கு,

பதில் தாமதம், பொறுத்துக்கொள். அம்மாவுக்குச் சளி. பிறகு எனக்குச் சளி. பிறகு கூரையில் ஒழுகல், அதற்குச் சளி என்று அண்ணி சொல்கிறாள். இப்போது மூவரும் தேறிவிட்டோம்.

படச்சுருளின் பூச்சுப் பக்கம் எது என்று பார்க்காமல் ஒட்டினால் காட்சி திரும்பிவிடும், மங்கலாகவும் தெரியும். புதிதாக வேலைக்கு வந்தவர்கள் செய்கிற தப்பு. வேறொன்றுமில்லை.

நேற்று மருந்துக் கடைக்குப் போகும் வழியில் சைரன் மாமா எதிரே வந்தார். வழக்கம்போல் தெருவைக் கடந்து அந்தப் பக்கம் போனார். கடக்கும்போது ஒரு சைக்கிள் அவர் மேல் ஏறப் பார்த்தது. இவ்வளவு வயதில் எதற்கு இந்தச் சிரமம்?

உன் கடிதத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று அம்மா கேட்டாள். சில இடங்களை விட்டுவிட்டு வாசித்துக் காட்டினேன்.

வெயில் ஏறுகிறது. தொப்பி போட்டுக்கொண்டு வெளியே போ.

அண்ணன்


ஏப்ரல் 8

அண்ணா,

அம்மாவின் சளி போனதில் நிம்மதி. உன்னுடையதும் கூரையுடையதும் போனதில் மகிழ்ச்சி.

என் கடிதத்தை வெட்டி வாசித்தாயா? முப்பத்தோரு வருஷப் பழக்கம் ஓய்வு பெற்றாலும் விடாது போலிருக்கிறது. விட்ட இடத்தில் அம்மாவின் ஆனந்தக் கண்ணீர் நாலு அடி சேர்த்தாயா?

நான் இரண்டு கேள்வி கேட்டேன். இரண்டுக்கும் பதில் இல்லை. கேட்காத சைக்கிளைப் பற்றி எழுதியிருக்கிறாய்.

212-இன் வேலைப் பிரதி, அதாவது நீங்கள் வெட்டு அறையில் கையால் ஒட்டிய அசல் பிரதி, கிடைத்துவிட்டது. ஒட்டும் இடத்தில் மேல்பூச்சைப் பிளேடால் சுரண்டிவிட்டுத்தான் பசை தடவுவீர்கள் என்று என் மாணவர்களுக்கு நானே சொல்லிக்கொடுக்கிறேன். பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். கூடக் கிடைத்த வேறு நாலு வேலைப் பிரதிகளில் சுரண்டிய கோடுகள் எல்லாம் ஒரு பக்கம் சாய்ந்திருக்கின்றன. 212-இல் மட்டும் எதிர்ப்பக்கம். ஓர் ஒட்டின் மேல் பாதி விரல்ரேகை, மையில். எழுதிவிட்டுக் கை கழுவாமல் வேலைக்கு உட்கார்ந்தவருடையது.

அந்த வருஷம் உங்கள் வெட்டு அறையில் எத்தனை பேர் இருந்தார்கள்?

அம்மா முழங்காலுக்கு எண்ணெய் தடவு.

தங்கை


மே 20

அண்ணா,

ஆறு வாரமாக உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. எல்லோரும் நலமாக இருப்பதால்தான் எழுதவில்லை என்று எடுத்துக்கொள்கிறேன். அம்மா நேற்று அண்ணியின் போனில் பேசினாள். “அண்ணன் எழுத உட்கார்றான், எழுந்திடறான், உட்கார்றான்” என்றாள்.

காப்பகத்திலிருந்து எனக்குப் பதில் வந்திருக்கிறது. ரசிக்க ஆளில்லாமல் தனியாக ரசிக்கிறேன், நீயும் ரசி: “தாங்கள் கோரிய படத்துண்டுகளைப் பயன்படுத்த அனுமதி அளிக்கப்படுகிறது. எனினும் அவற்றை அவற்றின் அசல் பொருளுக்கு மாறாகப் பயன்படுத்துவதில்லை எனத் தாங்கள் உறுதிமொழி அளிக்க வேண்டும். வரலாற்றைத் திரிப்பதை இக்காப்பகம் வன்மையாகக் கண்டிக்கிறது.” ஒருவர் தட்டச்சு செய்து, ஒருவர் சரிபார்த்து, ஒருவர் கையெழுத்துப் போட்டிருக்கிறார். மூன்று பேரும் சிரிக்கவில்லை. உறுதிமொழியில் கையெழுத்துப் போட்டுவிட்டேன்.

சைரன் மாமாவிடம் மறுபடி பேசினேன். ஆகஸ்ட் முதல் வாரம் பெயர்கள் கல்வெட்டுக்காரரிடம் போகும். “நிரூபிக்க முடியும்னா நிரூபி பாப்பா. திருப்பிப் போட்டிருக்குன்னா போட்டிருக்கட்டும், ஆளு உங்கம்மாதானே? அன்னைக்கு அங்க இல்லைன்னு யாரு சொல்லுவா? ஒன்பது வயசுப் பிள்ளை சொன்னதை நான் எப்படி மத்தவங்க கிட்ட சொல்லுவேன்?” என்றார். கேள்வி நியாயம்தான்.

சொல்லக்கூடிய ஆள் ஒருவர் இருக்க வேண்டும். இருக்கிறார் என்றே நினைக்கிறேன். அவர் யார் என்று நான் இந்தக் கடிதத்தில் எழுதப் போவதில்லை. அதை நீ எழுத வேண்டும்.

தங்கை


ஜூன் 17

குட்டி,

நலம் கேட்டு எழுதும் தகுதி இந்தக் கடிதத்துக்கு இல்லை. நேராகச் சொல்கிறேன்.

அந்த வருஷம் வெட்டு அறையில் ஆறு பேர் இருந்தோம். இடக்கைக்காரன் நான் ஒருவன்தான்.

துப்பாக்கிச் சூடு நடந்து எட்டாம் நாள் இலாகாவிலிருந்து ஆள் வந்தது. கலவரக்காரன் மகனுக்கு அரசாங்க வேலை எதற்கு என்று மேலே கேட்கிறார்கள், நாளைக்கே வந்து உட்கார்ந்தால் நல்லது என்றார்கள். வீட்டில் அம்மா படுத்திருந்தாள், உனக்கு ஒன்பது வயது. போய் உட்கார்ந்தேன். பதினோராம் நாள் ஆலை மைதானச் சுருள் என் மேஜைக்கு வந்தது. வேண்டுமென்றே எனக்குத்தான் கொடுத்தார்கள் என்று அப்போதும் தெரியும், இப்போதும் தெரியும்.

கூட்டத்தில் ஒரு கைகூடத் தட்டவில்லை. மேற்பார்வையாளர் வந்து எட்டிப் பார்த்து, “ஆறடி கைதட்டல் போடு. பெண்கள்” என்று சொல்லிவிட்டுச் சிகரெட் குடிக்கப் போனார். எங்கள் வேலையே அப்படித்தான். கைதட்டலை முகம் பார்த்து எடுக்க மாட்டோம். அடி கணக்கில் அளந்து எடுப்போம். சீட்டில் ‘பெண்கள்’ என்று இருந்தால் உள்ளே இருப்பது பெண்கள், அவ்வளவுதான். டப்பாவில் கைவிட்டு, மேலே வந்த துண்டை இழுத்து, மேஜையில் போட்டு, அளந்து, சுரண்டி, ஒட்டினேன். எல்லோரும் வலக்கையால் இழுப்பார்கள், துண்டு சரியான பக்கம் விழும். இடக்கையால் இழுத்தால் புரண்டு விழும். சேர்ந்த நாளிலேயே என்னை எச்சரித்திருந்தார்கள். வெளிச்சத்தில் ஒரு தடவை தூக்கிப் பிடித்துப் பார்த்திருந்தால் புரண்டதும் தெரிந்திருக்கும், யார் என்றும் தெரிந்திருக்கும். பார்க்கவில்லை. அந்தச் சுருளில் எதையும் பார்க்கக் கூடாது என்றே பார்க்காமல் இருந்தேன். அப்பா விழுந்த இடம் அது.

வெள்ளிக்கிழமை திரையில் ஓட்டிப் பார்த்தபோதுதான் அம்மா வந்தாள். என் சான்றிதழ் நாளன்று எடுத்தது அது. துப்பாக்கிச் சூட்டுக்கு ஆறு மாதம் முன்பு, பயிற்சி முடித்தவர்களுக்கு இலாகா மண்டபத்தில் சான்றிதழ் கொடுத்தார்கள். நம் வீட்டில் முதல் அரசாங்க வேலை. அம்மா முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள், என் முறை வந்ததும் எழுந்து நின்று தட்டினாள். எழுந்து நின்றவள் அவள் ஒருத்திதான். காமிரா பழகிக்கொண்டிருந்த யாரோ எடுத்து டப்பாவில் போட்டுவிட்டார்கள். அந்தக் கடிகாரம் மண்டபத்துக் கடிகாரம்.

திரை இருண்டதும் மேற்பார்வையாளர் எல்லோர் முன்னாலும் சொன்னார்: “இதுதாண்டா முகம். உண்மையான சந்தோஷம். இதுக்குப் பத்து நகல் எடுத்து வை.” நான் எழுந்து, சார் இது என் அம்மா, என் அப்பா செத்துப் பதினாறு நாள் ஆகிறது என்று சொல்லியிருக்க வேண்டும். ‘ம்’ என்றேன்.

மீதி இருபத்திரண்டில் ஒன்பது என் கை. முதல் தடவை மட்டும்தான் தவறு என்று நான் சொல்லிக்கொள்ள முடியாது. நீரூற்று என்னுடையதுதான்.

ஊர் அம்மாவோடு பேசுவதை நிறுத்தியபோது, கொஞ்ச நாளில் மறந்துவிடுவார்கள் என்று நினைத்தேன். அந்தத் துண்டு ஆறு வருஷம் மறக்கவிடவில்லை. அதை ஒட்டியவன் தினமும் அவளோடு உட்கார்ந்து சாப்பிட்டான்.

அண்ணன்


ஜூன் 26

மதிப்பிற்குரிய ஐயா,

தங்கள் 17-6 தேதியிட்ட கடிதம் கிடைக்கப்பெற்றேன்.

தங்களை ‘நீ’ என்று எழுத இன்று என் கை வரவில்லை. தங்கள் கண், காலர், கூரை ஆகியவற்றின் நலத்தையும் விசாரிப்பதற்கில்லை.

நான் படித்த பள்ளியில் ஏழு வருஷம் என் பக்கத்து இருக்கை காலியாக இருந்தது. “கைதட்டி மகள்” என்று கூப்பிட்டார்கள். வீட்டுக்கு வந்து தங்களிடம்தான் அழுதேன். தாங்கள் எனக்குப் பென்சில் சீவிக் கொடுத்தீர்கள். இடக்கையால், அதே பிளேடால்.

அமைச்சர் செத்துவிட்டார். இலாகாவை மூடிவிட்டார்கள். மேற்பார்வையாளருக்கு ஓய்வூதியம் போய்க்கொண்டிருக்கும். இவர்கள் மேல் எனக்குள்ள கோபம் பெரியது, ஆனால் இவர்கள் யாரும் அம்மாவின் கையால் ஊற்றிய காப்பியைக் குடித்தவர்கள் இல்லை. இருபத்திரண்டு வயதில் தங்களுக்கு வேறு வழி இருக்கவில்லை என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியும். முப்பது வயதில்? ஐம்பதில்? இலாகாவை இழுத்து மூடி, தங்களை வேலையை விட்டு நீக்க ஒரு பிராணியும் இல்லாமல் போன பிறகு?

மூன்று வேலை இருக்கிறது. ஒன்று: அம்மாவிடம் சொல்வது. விட்டு வாசிக்கக் கூடாது. இரண்டு: சைரன் மாமாவிடம் சொல்வது. மூன்று: என் படத்தில் ஒரு குரல்கூடச் சேர்ப்பதில்லை என்றிருந்தேன், ஒன்றே ஒன்றுக்கு இடம் விடுகிறேன். அதைத் தாங்கள் பேச வேண்டும்.

இப்படிக்கு,
ஏழாவது பெயருக்கு உரியவரின் மகள்


ஜூலை 15

குட்டி,

அம்மா நலம். அதை முதலில் எழுதுகிறேன்.

ஞாயிறு காலை, அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தபோது எதிரே உட்கார்ந்து உன் கடிதம் எல்லாவற்றையும் முதலிலிருந்து, விட்ட இடங்களோடு வாசித்தேன். பிறகு என் கடிதத்தின் நகலையும் வாசித்தேன். அண்ணி அடுப்பை அணைத்துவிட்டு வாசலில் நின்றாள். அம்மா கீரை ஆய்வதை நிறுத்தவில்லை. முடித்ததும் சொன்னாள்:

“தெரியும்.”

“என்னம்மா தெரியும்?”

“அப்பவே ஒரு தடவை தியேட்டருக்குப் போய்ப் பார்த்தேன்டா. ஊரே சொல்லுதே, என்னதான் தட்டினேன்னு பார்க்க. மண்டபத்துக் கடிகாரம் தெரிஞ்சுது. ஊக்கு மாறியிருந்துது. சின்ன வயசுலேர்ந்து உனக்குச் சட்டையைத் திருப்பிப் போடற பழக்கம். வேற யாரு இப்படிப் போடுவா?”

“ஏம்மா சொல்லலை?”

“சொன்னா உன்னைத் தூக்கிருப்பாங்க. ஒருத்தரைக் கொடுத்தாச்சு, இன்னொருத்தரையுமா?” பிறகு முறத்தைத் தள்ளி வைத்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தாள். “அது முதல் வருஷத்துக் கணக்கு. அப்புறம் நீயா வந்து சொல்லுவேன்னு உட்கார்ந்திருந்தேன். நாற்பத்தோரு வருஷம் ஆகும்னு நினைக்கலை. நீ நல்ல பிள்ளைன்னு எல்லாரும் சொல்லும்போதெல்லாம் எனக்குப் பத்திக்கிட்டு வரும்.”

அன்று முழுக்க என்னோடு பேசவில்லை. மறுநாளும் இல்லை. ஊர் அவளோடு பேசாமலிருந்த தெருவில் நான் இரண்டு நாள் இருந்து பார்த்தேன், குட்டி. இரண்டே நாள்.

மூன்றாம் நாள் அவளாகவே கேட்டாள்: “மொத்தம் எத்தனை அடி தட்ட வெச்சீங்க?” இருபத்து மூன்று தடவை, ஆறு ஆறு அடி. நூற்று முப்பத்தெட்டு என்றேன். “அவளை காமிராவோட வரச் சொல்லு. அத்தனை அடியும் நான் தட்டாம உட்காரணும்.”

சைரன் மாமாவிடமும் போனேன். என்னைப் பார்த்ததும் தெருவைக் கடந்தார். நானும் கடந்தேன். மறுபடி இந்தப் பக்கம் வந்தார். நானும் வந்தேன். நாலாம் தடவை மூச்சு வாங்கி நின்றார். நின்ற இடத்திலேயே சொன்னேன். “படத்தைச் சங்கத்துல போடு. எல்லாரும் பார்க்கட்டும். அதுவரைக்கும் கல்லுல உளி படாது” என்றார்.

வா. நான் ஸ்டேஷனுக்கு வரலாமா, கூடாதா என்பதை மட்டும் எழுது.

அண்ணன்


செப்டம்பர் 4

அண்ணா,

நலமாக வந்து சேர்ந்து மூன்று வாரம் ஆகிறது. ஸ்டேஷனில் நீ பெட்டியைத் தூக்க வந்தபோது கொடுக்கவில்லை. திரும்பும்போது கொடுத்தேன். இப்போதைக்கு அவ்வளவுதான், அதற்கு மேல் அர்த்தம் பண்ணாதே.

பிரதியைத் தனியே அனுப்பியிருக்கிறேன். கடைசி ஒட்டு நீ போட்டது. இந்தத் தடவை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துவிட்டுப் போட்டாய், நான் கவனித்தேன். கல்லூரியில் வேலை இருக்கிறது, சங்கத்தில் ஓட்டும்போது நான் இருக்க முடியாது. நீதான் ஓட்ட வேண்டும்.

இங்கே போன வாரம் கல்லூரி அரங்கில் காட்டினோம். முடிந்ததும் எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். நிறுத்தவே இல்லை. எந்த டப்பாவிலிருந்து எடுத்தார்கள் என்று கேட்கத் தோன்றியது. என்ன பார்த்தார்களோ தெரியவில்லை.

காப்பகம் நோட்டீஸ் அனுப்பியிருக்கிறது. அசல் பொருளுக்கு மாறாகப் பயன்படுத்தி உறுதிமொழியை மீறிவிட்டேனாம். பதில் எழுதினேன்: “மேற்படித் துண்டின் அசல் பொருள், ஒரு தாய் தன் மகன் சான்றிதழ் வாங்குவதைப் பார்த்துக் கைதட்டுவது. அந்தப் பொருளில் அதைப் பயன்படுத்திய முதல் படம் என்னுடையது. முந்தைய இருபத்து மூன்று மீறல்களுக்குத் தங்கள் காப்பகம் யாருக்கு நோட்டீஸ் அனுப்பப் போகிறது என்பதைத் தெரிவிக்கவும்.” பதில் வரவில்லை. அங்கேயும் யாரோ எழுத உட்கார்ந்து எழுந்திருக்கிறார்கள் போலும்.

சொட்டு மருந்தைக் கண்ணில் விடு.

தங்கை


செப்டம்பர் 21

அன்புள்ள குட்டிக்கு,

எல்லோரும் நலம். நேற்று படம் ஓட்டினேன்.

சங்கத்து ஹாலில் இரும்பு நாற்காலி போதாமல் சன்னலில் உட்கார்ந்திருந்தார்கள். அம்மா முன்வரிசை. பக்கத்து நாற்காலி காலி, அதற்குப் பக்கத்து நாற்காலியும் காலி. ஆறு வீட்டுக்காரர்களும் அந்தப் பக்கம் இருந்தார்கள்.

212 ஓடியபோது பின்னாலிருந்து ஒருவர் “பார்த்தியா” என்றார். பாலத்தில் யாரும் அசையவில்லை. மின்நிலையத்தில் ஒரு சிரிப்பு கேட்டது. சாக்கடை ஒழிப்பில் ஹாலே சிரித்தது. நீரூற்றில் பாதிப் பேர்தான் சிரித்தார்கள். பிறகு சிரிப்பு இல்லை. நீ சொன்ன மாதிரியே. புரொஜெக்டர் சத்தமும் அந்தக் கணீர்க் குரலும் மட்டும். பதினெட்டாவதில் ஒரு பெண் “போதும், நிறுத்துங்க” என்றாள். நான் நிறுத்தவில்லை.

பிறகு என் குரல் வந்தது. அது இவ்வளவு கரகரப்பாக இருக்கும் என்று எனக்குத் தெரியாது. “இதை ஒட்டியது நான். இவர் என் அம்மா. அன்று அவர் மைதானத்தில் இல்லை. இவர் கைதட்டியது எனக்கு.” ஒரு தலை திரும்பி என்னைப் பார்த்தது. பிறகு எல்லாத் தலையும்.

அடுத்து அம்மா. நம் சமையலறை நாற்காலி, கை மடியில். நூற்று முப்பத்தெட்டு அடி, ஒன்றரை நிமிடம்தான். நான் முப்பத்தோரு வருஷம் அடி அளந்தவன், அவ்வளவு நீளமான படத்தைப் பார்த்ததில்லை.

முடிந்து விளக்கைப் போட்டேன். ஒருவரும் கைதட்டவில்லை. ஹால் முழுக்க எல்லோருடைய கையும் அவரவர் மடியில் இருந்தது.

சைரன் மாமா எழுந்து வந்து அம்மா முன்னால் நின்றார். வாயைத் திறந்தார், சத்தம் வரவில்லை. அம்மாதான் பேசினாள். “நாற்பத்தோரு வருஷமா அந்தப் பக்கமா நடந்தியே, கால் வலிக்கலை?” அவர் அந்தக் காலி நாற்காலியில் உட்கார்ந்தார். உட்கார்ந்ததும்தான் அழுகை வந்தது. அதற்குச் சத்தம் வந்தது, தெருக்கோடி வரை கேட்டிருக்கும்.

கல்லைப் பற்றி: சைரன் மாமா சொல்லை மீறி, அழைப்பிதழைப் பார்த்தே கல்வெட்டுக்காரர் ஆறு பெயரையும் போன மாதமே வெட்டிவிட்டார். கீழே கொஞ்சம் இடம் இருக்கிறது, ஏழாவதைச் சின்ன எழுத்தில் சேர்க்கலாம் என்றார்கள். அம்மா “அடியில இடுக்கறதா இருந்தா வேண்டாம்” என்றுவிட்டாள். “எங்க வீட்டு ஆளு மத்தவங்களை விடச் சின்னதா சாகலை.” புதுக் கல் வெட்டுகிறார்கள். திறப்பு ஒரு மாதம் தள்ளிப்போகிறது. கமிட்டியில் இப்போதே சண்டை ஆரம்பித்துவிட்டது.

அம்மா என்னோடு பேசுகிறாள், ஆனால் அளந்துதான். குறை சொல்ல எனக்கு வாய் இல்லை.

இதுவரை எழுதியதை அவளிடம் உரக்க வாசித்தேன். ஒரு வரி விடவில்லை. கண்ணை மூடிக்கொண்டு கேட்டுவிட்டு, “ஒரு இடம் குறையுது” என்றாள். எது என்றேன்.

“நூத்தி முப்பத்தெட்டு அடியோட படம்தான் தீர்ந்துது. நான் எழுந்திருக்கலை. அவ காமிராவை மடிச்சு, நீ பெட்டியைப் பூட்டி, வெளியே போய்ட்டீங்க. நான் அப்படியேதான் உட்கார்ந்திருந்தேன். அதையும் எழுது.”

எழுதிவிட்டேன்.

அண்ணன்